குடுவைக்குள் இருக்க வேண்டிய வாசனை

மோப்பக்காவின் மூக்கைப் பற்றி முதலில் சொல்லிவிட வேண்டும். இல்லாவிட்டால் பின்னால் நடந்ததை யாரும் நம்பமாட்டார்கள். மூன்றாவது மாடியில் அவளுடைய வீடு. கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே உட்கார்ந்தபடியே, முதல் மாடியில் யார் வீட்டில் பால் பொங்கி வழிந்தது, எதிர் வீட்டுக்காரர் புதுச் செருப்பு வாங்கியிருக்கிறாரா என்பதையெல்லாம் சொல்லிவிடுவாள். கேஸ் கசிவதை அவள் சொல்லித்தான் அந்தக் கட்டடமே ஒருமுறை தப்பியது. அதற்காக யாரும் மாலை போடவில்லை. "அவ மூக்குல ஒண்ணும் தப்பாது, ஜாக்கிரதையா இருங்க" என்று ஒருவருக்கொருவர் எச்சரித்துக்கொண்டார்கள், அவ்வளவுதான்.

முதலில் அவள் ஒரு சலவைக் கடையில் பத்து வருஷம் இருந்தாள். டோக்கன் கழன்றுபோன சட்டையை முகர்ந்து பார்த்து, இன்னார் வீட்டுச் சட்டை என்று கட்டி வைப்பாள். ஒருமுறை ஒரு அம்மாள் புருஷனின் கோட்டைத் தூக்கிக்கொண்டு வந்து, "இதுல இருக்கிறது என் சென்ட்டா, வேற யாரோடதா?" என்று மெதுவாகக் கேட்டாள். "துணியில அழுக்கு இருந்தா சொல்லுவேம்மா. ஆளுகிட்ட இருந்தா சொல்ல மாட்டேன்" என்று சொல்லி இவள் கோட்டை வாங்கி மடித்து வைத்துவிட்டாள். இப்படிப்பட்டவளைக் கடை முதலாளி தலையில் வைத்துக் கொண்டாடியிருக்க வேண்டும். அவரோ கடையையே விற்றுவிட்டு மகனோடு போய்ச் சேர்ந்தார்.

அதன் பிறகுதான் துறைமுகத்துக்குப் பின்புறம் இருக்கும் பாசி நாற்றுக்கூடத்தில் கண்ணாடி கழுவும் வேலைக்குச் சேர்ந்தாள். சேர்ந்து பதினொரு வருஷம் ஆகிறது. கடலில் கயிறு கட்டிப் பழுப்புக் கடற்பாசி வளர்ப்பவர்களுக்கு நாற்று வேண்டும். வயலுக்கு நாற்றங்கால் மாதிரி, கடலுக்கு இந்தக் கூடம். இங்கே கண்ணாடிக் குடுவைகளில் முளைக்க வைத்த பாசிக் குஞ்சுகளை நூலில் ஒட்ட வைத்து, அந்த நூலைப் படகுக்காரர்களிடம் கொடுப்பார்கள். ஆறே மாதத்தில் அது ஆள் உயரத்துக்கு வளர்ந்து தண்ணீரில் ஆடும்.

கூடத்தில் பன்னிரண்டு பேர். அவர்களில் மோப்பக்காவுக்குத்தான் அந்தஸ்து குறைவு, ஆனால் கர்வம் அதிகம். கர்வம் இருக்காதா பின்னே? ஒவ்வொரு குடுவையையும் பிரஷ் போட்டுத் தேய்த்து, அமிலத்தில் முக்கி, காய்ச்சி வடித்த தண்ணீரில் மூன்று முறை அலசுவாள். கடைசியில் சாய்த்துப் பிடித்து வெளிச்சத்தில் பார்ப்பாள். தண்ணீர் முத்து முத்தாக நின்றால் எங்கோ பிசுக்கு இருக்கிறது, மறுபடியும் முதலிலிருந்து. ஒரே படலமாக வழுக்கிக்கொண்டு இறங்கினால்தான் சுத்தம். "என் குடுவையில தண்ணிகூட நிக்காது, வழுக்கி விழுந்துடும்" என்று சொல்லி அவளே சிரித்துக்கொள்வாள்.

அவள் கழுவிய குடுவைகள் போய்ச் சேரும் அறைதான் அந்தக் கூடத்திலேயே அதிசயம். அங்கே இரவு காலை பத்து மணிக்கு வரும்! விளக்குகளை டைமர் போட்டு மாற்றி வைத்திருந்தார்கள். காரணம், இந்தப் பாசிகளுக்கு முட்டை இருட்டில்தான் வெளியே வரும். பாசிக்காக நடுராத்திரியில் வந்து நிற்க யாருக்கு விருப்பம்? அதனால் பாசியின் ராத்திரியைப் பகலுக்கு இழுத்து வந்துவிட்டார்கள்.

இதையெல்லாம் அவளுக்குச் சொன்னவள் டெக்னீஷியன். இரண்டு பிள்ளைகளுக்குத் தாய், வாய் ஓயாதவள், வேலையில் படு கெட்டிக்காரி. குடுவைக்குள் பழுப்பு நிறத்தில் பஞ்சுத் துகள் மாதிரி மிதப்பவைதான் பாசியின் ஆணும் பெண்ணும் என்பாள். சிவப்பு விளக்கில் வைத்திருக்கும்வரை அவை வெறுமே வளரும், கல்யாண நினைப்பே வராது. வெள்ளை விளக்கில் பத்து நாள் வைத்தால் பருவம் வந்துவிடும். அதன் பிறகு இருட்டினால் போதும்.

மூன்று மாதத்துக்கு முன்பு ஒரு நாள் மோப்பக்கா கழுவும் அறையிலிருந்து எழுந்து வந்து, நடையில் நின்று காற்றை இழுத்தாள்.

"இது என்னம்மா வாசனை? இவ்வளவு நாளும் பழைய குடுவையோட பஞ்சு மூடியைப் பிடுங்குறப்போ லேசா வரும். இப்ப என்னடான்னா மூணு கதவு தாண்டி வருது."

"எனக்குப் பினாயில் வாசனைதான் வருதுக்கா."

"பினாயில் எனக்குத் தெரியாதா? இது வேற. கிளிஞ்சலைப் பொளந்தா வருமே, அதுல கொஞ்சம் பச்சை, கொஞ்சம் இனிப்பு. மூக்குல பட்டவுடனே எங்கேயோ கிளம்பிப் போகணும்னு தோணுது."

டெக்னீஷியனுக்குக் கண்கள் விரிந்துவிட்டன. "அய்யோ அக்கா, உங்களுக்கு அது தெரியுதா! அது பொண்ணு விடுற வாசனை. முட்டை வெளியே வந்து அம்மா நுனியிலேயே உட்காந்துக்கும். நகராது. அங்கேயே இருந்துக்கிட்டு தண்ணியில ஒரு வாசனை விடும். அது பட்டவுடனே ஆம்பளைப் பாசியோட பை படார்னு வெடிச்சு உயிரணு எல்லாம் வெளியே கொட்டும். அதுங்களுக்குக் கண்ணா இருக்கு? வாசனை எங்கே கூடுதோ அந்தப் பக்கம் நீந்திப் போயி முட்டையைப் புடிச்சுடும்."

"சென்ட் போட்டு மாப்பிள்ளை புடிக்குதா? கெட்டிக்காரிதான்!"

"ஊசி முனையில பட்டாலே போதும்கா, அவ்வளவு துளி."

மோப்பக்காவுக்குப் புல்லரித்துவிட்டது. கண்ணுக்கே தெரியாத ஒரு பெண் குடுவைக்குள் உட்கார்ந்துகொண்டு கூப்பிடுகிறாள். அந்தக் கூப்பாடு தன் மூக்குக்கு எட்டுகிறது! அன்று மாலை பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த முன்பின் தெரியாத அம்மாளிடம்கூட இதைச் சொன்னாள். அந்த அம்மாள் எழுந்து வேறு சீட்டுக்குப் போய்விட்டாள். அதற்காக இவள் கவலைப்படவில்லை. மறுநாள் கூடத்தில் எல்லோரிடமும், "வாசனை அள்ளிக்கிட்டு வருது, இந்தத் தடவை விளைச்சல் அமோகம்!" என்று தண்டோரா போட்டாள்.

விளைச்சல் அமோகமாகவா வந்தது? ஒரு குஞ்சுகூட முளைக்கவில்லை.

அடுத்த தொகுதிக் குடுவைகளிலும் அதே கதை. நடையெல்லாம் வாசனை, நூலில் ஒன்றுமில்லை. மூன்றாவதும் அப்படியே போயிற்று. படகுக்காரர்கள் போன் மேல் போன் போட்டார்கள். மேனேஜருக்குத் தலை போகிற நெருக்கடி. அவர் கெட்டவர் அல்ல, ஆனால் எந்தத் தப்புக்கும் ஒரு கழுத்தைத் தேடிப் பிடித்துவிட வேண்டும் அவருக்கு. மூன்று மாதத்துக்கு முன்பு இரண்டு புதுச் சாமான்கள் ஒரே வாரத்தில் கூடத்துக்கு வந்திருந்தன. ஒன்று, அவரே தேடித் தேடி வாங்கிய பெரிய காற்றுக் கம்ப்ரஸர். குடுவைகளுக்குள் குழாய் வழியாகக் காற்று குமிழியிட்டுக் கொதிக்கிற மாதிரி பொங்கும். "பாசி நல்லா மூச்சு விடட்டும்" என்று போகும்போதும் வரும்போதும் அதைத் தட்டிக் கொடுப்பார். இன்னொன்று, கண்ணாடி கழுவும் புதுச் சோப்புத் தூள்.

எதன் மேல் பழி விழும் என்று சொல்லவும் வேண்டுமா?

திங்கட்கிழமை டீ நேரத்தில் பன்னிரண்டு பேரும் நடையில் நிற்கும்போது அவர் ஒரு காலிக் குடுவையைத் தூக்கிப் பிடித்தார். "சோப்பு. கண்ணாடியில சோப்பு தங்குது. அதான் முட்டை செத்துப்போகுது. வெள்ளிக்கிழமை இருட்டுக்குப் போற தொகுதியும் கெட்டுப்போச்சுன்னா, அடுத்த வாரத்துலேர்ந்து கழுவ வெளி ஆள் வருவாங்க. ஹெட் ஆபீஸுக்கு 'கழுவியதில் குறை'ன்னு எழுதிட்டேன்."

மோப்பக்காவின் முகம் கன்றிப்போயிற்று. அந்தக் குடுவையை வாங்கினாள். குழாயில் நனைத்தாள், எல்லோர் முன்னாலும் சாய்த்துப் பிடித்தாள். தண்ணீர் படலமாக வழுக்கி இறங்கியது.

"பாருங்க சார். இதுல எங்கே சோப்பு?"

"கண்ணுக்குத் தெரியாத சோப்பும் இருக்கும்மா" என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார்.

திருடினாய் என்றால் பையைத் திறந்து காட்டலாம். கண்ணுக்குத் தெரியாத சோப்பை எதைத் திறந்து காட்டுவது? "ஆனைக்கும் அடி சறுக்கும்கா, மனசுல வெச்சுக்காதீங்க" என்று நூல் சுற்றுகிறவர் ஆறுதல் சொன்னார். அந்த ஆறுதல்தான் அவளை அதிகம் சுட்டது. அடி சறுக்கவே இல்லையே! வேலை போனால் இன்னொரு வேலை தேடிக்கொள்ளலாம். இருபத்தொரு வருஷம் துணியும் கண்ணாடியும் வெளுத்த கைக்கு, கழுவத் தெரியாதவள் என்ற பெயரா? வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் லிஃப்ட் மெக்கானிக்கான அவளுடைய புருஷன் ஸ்பேனரோடு கிளம்பிவிடுவான்.

வியாழக்கிழமை சாயங்காலம் அவள் படியேறி வரும்போதே, காப்பி மணம் இரண்டாவது மாடி வரைக்கும் வந்து வரவேற்றது. நாத்தனார்தான் அடுப்படியில் இருந்தாள். புருஷனின் அக்கா, கூடவே இருப்பவள், எந்த வேலையையும் அடுப்பில் வைத்துவிட்டு டி.வி. பார்ப்பவள். அன்றும் காப்பி திறந்த பாத்திரத்தில் கொதியோ கொதி என்று கொதித்துக்கொண்டிருந்தது.

"ஆஹா, இன்னிக்கு அண்ணி கை மணக்குது" என்று டம்ளரை வாங்கி ஒரு வாய் குடித்தாள். வெந்நீர்! கசப்பு இருந்தது, காப்பி இல்லை.

"என்னண்ணி இது, ஒரு மணமும் இல்லையே?"

"மணம் இல்லையா? தெருவே மணக்குதுன்னு இப்பத்தான் உன் புருஷன் சொல்லிட்டுப் போறான்!"

"தெரு மணந்தா டம்ளர்ல எப்படி அண்ணி இருக்கும்? எல்லாம் காத்தோட..."

அவள் அப்படியே நின்றுவிட்டாள். டம்ளர் கையில் சாய்ந்து புடவையில் கொட்டியதுகூடத் தெரியவில்லை. நாத்தனார் பயந்துபோய், "ஏம்மா, என்ன ஆச்சு? நெஞ்சு வலியா?" என்று தோளைப் பிடித்து உலுக்கினாள்.

"அண்ணி, அது நடைக்கு வரக் கூடாது அண்ணி! தண்ணிக்குள்ளேயே இருக்கணும்! பொண்ணு பாட்டுக்குக் கூப்பிட்டுக்கிட்டே இருக்கு, இந்தக் காத்து அதை அள்ளி வெளியே கொட்டிடுது. பையனுக்கு எட்டாம எனக்கு எட்டுது!"

"எந்தப் பொண்ணு? எந்தப் பையன்?" என்றாள் நாத்தனார். மோப்பக்கா நாத்தனாரின் இரண்டு கன்னங்களையும் பிடித்து ஒரு முத்தம் வைத்துவிட்டு, அந்த வெந்நீரை இன்னொரு டம்ளர் வாங்கிக் குடித்தாள். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அப்படி ஒன்று நடந்ததில்லை. நாத்தனார் டி.வி.யையே அணைத்துவிட்டாள்.

வெள்ளிக்கிழமை டெக்னீஷியன் வருவதற்கு முன்பே மோப்பக்கா அறை வாசலில் நின்றாள். ஒரே மூச்சில் எல்லாவற்றையும் கொட்டினாள். முதலில் டெக்னீஷியன் சிரித்தாள், பாதியில் சிரிப்பு நின்றது.

"அக்கா... அது காத்துல பறக்குற சாமான்தான். தண்ணியில ரொம்ப நேரம் நிக்காது. பழைய சின்ன பம்ப் லேசா குமிழி விட்டுக்கிட்டு இருந்துச்சு. இது..." அறைக்குள் கம்ப்ரஸரின் காற்றில் இருபத்துநாலு குடுவைகளும் தளதளவென்று கொதித்துக்கொண்டிருந்தன. "மூணு மாசம். மூணு தொகுதி. எனக்கு ஏன் தோணலை?"

"உனக்கு வாசனை வரலையேம்மா. நிறுத்திடு அதை."

"நான் எப்படி நிறுத்துவேன்? கம்ப்ரஸர்ல யாரும் கை வைக்கக் கூடாதுன்னு நோட்டீஸே ஒட்டியிருக்காரு. எனக்கும் ரெண்டு புள்ளைங்க இருக்குக்கா."

"சரி, அதுல கை வைக்க வேண்டாம். நாலு குடுவை மட்டும் குடு. குழாயை மடிச்சு ரப்பர் பேண்ட் போட்டுடறேன். யாராச்சும் கேட்டா, கழுவுறவ செஞ்சான்னு சொல்லிடு. எப்படியும் அடுத்த வாரம் நான் இல்லைன்னுதானே ஆச்சு!"

டெக்னீஷியன் மணியைப் பார்த்தாள். ஒன்பது ஐம்பத்தைந்து. மேனேஜர் மேலே கூட்டத்தில் இருந்தார். அவள் தன் தலைமுடியிலிருந்த ரப்பர் பேண்டைக் கழற்றி நீட்டினாள். மற்ற மூன்றும் மேசை இழுப்பறையில் கிடைத்தன.

பத்து மணிக்கு டக்கென்று விளக்குகள் அணைந்தன. அந்த அறைக்கு ராத்திரி வந்தது. வெளியே வெயில் கொளுத்துகிறது, உள்ளே கும்மிருட்டில் இரண்டு பெண்கள் ஒரு சிவப்பு டார்ச்சை வைத்துக்கொண்டு நிற்கிறார்கள். சிவப்பு வெளிச்சத்தைப் பாசி கண்டுகொள்ளாது. இருபது குடுவைகள் கொதித்தன. நாலு குடுவைகள் குளம் மாதிரி கிடந்தன.

பத்தரை ஆயிற்று. "வருது" என்றாள் மோப்பக்கா. "வந்துடுச்சும்மா. அறை பூரா வருது." கொதிக்கிற குடுவை ஒவ்வொன்றின் கழுத்திலும் மூக்கை வைத்தாள். குப்பென்று அடித்தது. மடித்துக் கட்டிய நாலின் கழுத்திலும் வைத்தாள். அங்கே ஒன்றுமே இல்லை! ஒன்றும் இல்லை என்று அவ்வளவு சந்தோஷமாகச் சொன்னவள் உலகத்திலேயே அவள் ஒருத்தியாகத்தான் இருப்பாள்.

டெக்னீஷியன் கொதிக்கிற குடுவை ஒன்றிலிருந்து ஒரு சொட்டு எடுத்து மைக்ராஸ்கோப்பில் வைத்தாள். "முட்டை வந்திருக்கு... வரிசையா உட்காந்திருக்கு... பக்கத்துல யாரும் இல்லை. ஆம்பளைப் பை ஒண்ணுகூட வெடிக்கலை." கண்ணாடித் துண்டை மாற்றினாள். நாலில் ஒன்றிலிருந்து ஒரு சொட்டு. குனிந்தவள் நிமிரவே இல்லை.

"என்னம்மா? சொல்லித் தொலையேன்!"

"மொய்க்குதுக்கா! அய்யோ, மொய்க்குது! முட்டையைச் சுத்தி... எங்கெங்கிருந்தோ வருது, நேரா வருது!"

அப்போது கதவு திறந்தது. நடையின் வெளிச்சம் உள்ளே விழ, மேனேஜர் நின்றார். அவர் கண்ணில் முதலில் பட்டது ரப்பர் பேண்டுகள்தான்.

"யார் இதை மடிச்சது? காத்து இல்லாம செத்துடாது?"

"நான்தான் சார்" என்றார்கள் இரண்டு பேரும் ஒரே நேரத்தில்.

"கதவைச் சாத்துங்க சார், அதுங்களுக்கு ராத்திரி" என்றாள் மோப்பக்கா. அவரும் அனிச்சையாகச் சாத்திவிட்டார். "திட்டுறதைப் பிறகு திட்டுங்க. முதல்ல இதுல கண்ணை வெச்சுப் பாருங்க."

அவர் பார்த்தார். நெடுநேரம் பார்த்தார். "இது எந்தக் குடுவை?"

"மடிச்சுக் கட்டினது."

"அது?"

"உங்க காத்து போறது சார்" என்று டெக்னீஷியன் அடுத்த துண்டை வைத்தாள். அதையும் பார்த்தார். இருட்டில் அவர் முகம் தெரியவில்லை, மூச்சு மட்டும் கேட்டது. மனுஷன் இனி ஒரு கூட்டம் போட்டு யோசிப்பார் என்று தோன்றியதும் மோப்பக்காவுக்குப் பொறுமை போய்விட்டது.

"சார், வாசனை இன்னும் வந்துக்கிட்டேதான் இருக்கு. அப்படின்னா அந்த இருபதும் இன்னும் கூப்பிட்டுக்கிட்டு இருக்குதுங்க. இன்னும் போகலை சார்! நிறுத்துங்க!"

மேனேஜர் ஓடினார். பதினொரு வருஷத்தில் அவர் ஓடி யாரும் பார்த்ததில்லை. நடைக் கோடியில் எதிலோ இடித்துக்கொண்டு "அம்மா!" என்று கத்தியது கேட்டது. அடுத்த நொடி கம்ப்ரஸரின் இரைச்சல் நின்றது. இருபது குடுவைகளிலும் குமிழிகள் குறைந்து, ஒவ்வொன்றாக அடங்கின.

மோப்பக்கா கண்ணை மூடிக்கொண்டு நடு அறையில் நின்றாள். திரும்பி வந்த மேனேஜரும் டெக்னீஷியனும் மைக்ராஸ்கோப்பைப் பார்க்கவில்லை, அவள் மூக்கையே பார்த்தார்கள்.

"இருக்கு... இன்னும் இருக்கு..." என்றாள். ஐந்து நிமிஷம் ஆயிற்று. "குறையுது." யாரும் அசையவில்லை. "நல்லாக் குறையுது சார். அந்தப் பக்கம் சுத்தமா இல்லை." கடைசியில் கண்ணைத் திறந்தாள். "உள்ளேயே தங்கிடுச்சு. இப்ப எடுத்துப் பாரும்மா."

டெக்னீஷியன் ஒன்பதாம் குடுவையிலிருந்து ஒரு சொட்டு எடுத்தாள், பார்த்தாள், கையால் தன் வாயையே பொத்திக்கொண்டாள். பிறகு எழுந்து, "நீங்க பாருங்கக்கா" என்று நாற்காலியை இழுத்துப் போட்டாள்.

அந்த மைக்ராஸ்கோப்பின் கண்ணாடித் துண்டுகளைப் பதினொரு வருஷமாகக் கழுவியிருக்கிறாள் மோப்பக்கா, அதற்குள் ஒருமுறைகூட எட்டிப் பார்த்ததில்லை. யாரும் கூப்பிடவில்லை, இவளும் கேட்கவில்லை. முதலில் தன் இமை மயிர்தான் தெரிந்தது. பிறகு ஒரு பழுப்பு உருண்டை. அசையாமல் உட்கார்ந்திருந்தது. அதைச் சுற்றி, துகளிலும் துகளாக, பதறிப் பதறி ஓடி வருகிறவர்கள். தவறாமல், வழி கேட்காமல், அதையே நோக்கி. கண் இல்லாதவர்கள் வாசனையைப் பிடித்துக்கொண்டு வந்து சேருவதைப் பார்க்கப் பார்க்க, தன் ஆட்கள் யாரோ வந்து சேர்ந்த மாதிரி அவளுக்கு இருந்தது. "வாங்கடா, வாங்கடா" என்று அவள் வாய்விட்டே சொன்னாள்.

மேனேஜர் முழங்காலைத் தேய்த்தபடி, "நீங்க திங்கட்கிழமை வழக்கம்போல வந்துடுங்கம்மா" என்றார்.

மோப்பக்கா நாற்காலியிலிருந்து எழுந்தாள். "வர்றேன் சார். ஆனா பன்னிரண்டு பேர் முன்னாடிதான் சோப்புன்னு சொன்னீங்க. தனியா இருட்டுல வெச்சு வந்துடுன்னு சொன்னா எப்படி?"

மேனேஜர் முழங்காலைத் தேய்ப்பதை நிறுத்தினார். பிறகு கதவைத் திறந்துகொண்டு போனார். பதினைந்து நிமிஷத்தில் எல்லோரையும் நடையில் கூட்டிவிட்டார். நூல் சுற்றுகிறவர் கையில் பாதி சுற்றிய நூலோடு வந்து நின்றார். என்ன, யார் மாட்டிக்கொண்டது என்று ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"கண்ணாடி சுத்தமாத்தான் இருந்துச்சு" என்றார் மேனேஜர். "மூணு தொகுதியிலயும் சுத்தமாத்தான் இருந்துச்சு. கெடுத்தது காத்து. அந்தக் காத்தை வெச்சது நான். ஹெட் ஆபீஸுக்கும் அப்படியே எழுதிடறேன்."

நான்கு நாளாக அவள் மனசுக்குள் தீட்டி வைத்திருந்த பதில்கள் எத்தனையோ. ஒன்றுகூட வாய்க்கு வரவில்லை. கண்ணில் தண்ணீர்தான் வந்தது, அதுவும் எல்லோர் முன்னாலும். புறங்கையால் துடைத்துக்கொண்டாள். யாரோ கை தட்ட, நடை முழுக்கக் கைதட்டல் ஆயிற்று.

"இனிமே ஒவ்வொரு தொகுதியும் இருட்டுக்குப் போறப்போ நீங்க உள்ளே நின்னு மோந்து பார்த்துச் சொல்லணும்" என்றார் மேனேஜர். "கழுவுறதுக்கு வேணும்னா வேற ஆள் போட்டுக்கலாம்."

"மோந்து பாக்க வர்றேன் சார்" என்றாள் மோப்பக்கா, மூக்கை உறிஞ்சிக்கொண்டே. "ஆனா கழுவுறதுல மட்டும் வேற யாரும் கை வைக்கக் கூடாது. வேணும்னா நீங்க கம்ப்ரஸர்ல ஒட்டின மாதிரி அதுக்கும் ஒரு நோட்டீஸ் எழுதி ஒட்டிடுங்க."